பரிசு வாங்கிய கம்பெனி ஏன் நொடித்தது?
ஓர் அமெரிக்க அனிமேஷன் ஸ்டூடியோவின் வரலாறும் நமக்குள்ள பாடமும்



நம் இதழில் விற்பனை வரி, எடை முத்திரை, உணவுப் பாதுகாப்பு உரிமம் என்று படித்துப் பழகியவர்களுக்கு, இந்த மாதப் பாடம் கார்ட்டூன் செய்யும் ஓர் அமெரிக்கக் கம்பெனியைப் பற்றியது என்றால் சிரிப்பு வரலாம். மளிகைக் கடைக்கும் கார்ட்டூனுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். கைநிறைய ஆர்டர், ஊரெல்லாம் நல்ல பெயர், உலகத்திலேயே பெரிய பரிசு, இவ்வளவும் இருந்த ஒரு கம்பெனி அந்தப் பரிசை வாங்குவதற்கு இரண்டு வாரம் முன்பு மஞ்சள் கடுதாசி கொடுத்தது. ஏன் கொடுத்தது என்று கணக்குப் பார்த்தால், நம்மில் பலர் கடையில் அன்றாடம் செய்கிற தவறுதான் அங்கேயும் நடந்திருக்கிறது. அதனால்தான் எழுதுகிறேன்.

1. நம் பக்கத்து ஊருக்கு வந்த படம்

குள்ளஞ்சாவடியில் பஸ் ஏறிக் கடலூர் வழியாகப் போனால் புதுச்சேரி. 2011 ஜனவரியில் அங்கே ஓர் ஆங்கிலப் படத்தின் படப்பிடிப்பு நடந்தது. படத்தின் பெயர் 'லைஃப் ஆஃப் பை'. டைரக்டர் தைவான் நாட்டைச் சேர்ந்த ஆங் லீ. புதுச்சேரியில் மிருகக்காட்சி சாலை வைத்திருக்கும் ஒரு தமிழ்க் குடும்பம் மிருகங்களோடு கப்பல் ஏறிக் கனடாவுக்குப் போகிறது. கப்பல் மூழ்கி, மகன் மட்டும் ஒரு புலியுடன் படகில் தப்புகிறான். இதுதான் கதை. புதுச்சேரி தாவரவியல் பூங்காவையே மிருகக்காட்சி சாலையாக மாற்றிப் படம் எடுத்தார்கள். பாம்பே ஜெயஸ்ரீ தமிழில் பாடிய தாலாட்டு இந்தப் படத்துக்காக ஆஸ்கார் பரிந்துரை வரை போனது.

2012 நவம்பரில் படம் வெளிவந்தது. சுமார் 12 கோடி டாலர் செலவில் எடுத்த படம் உலகம் முழுவதும் 60 கோடி டாலருக்கு மேல் வசூல் செய்தது.

படத்தைப் பார்த்தவர்கள் எல்லோரும் கேட்ட கேள்வி ஒன்று உண்டு. இவ்வளவு பெரிய புலியைப் படகில் எப்படிப் பழக்கினார்கள்? உண்மையில் நிஜப் புலி வந்த காட்சிகள் கொஞ்சந்தான். மீதியெல்லாம் கம்ப்யூட்டரில் செய்த புலி. பையன் நடித்த கடல், தைவானில் ஒரு பழைய விமான நிலையத்தில் கட்டிய பெரிய தண்ணீர்த் தொட்டி. அந்தப் புலியைச் செய்து கொடுத்த கம்பெனிதான் நம் பாடத்துக்கு உரிய 'ரிதம் அண்ட் ஹ்யூஸ்'.

2. கம்பெனியின் பிறப்பும் அதன் சரக்கும்

1987ல் அமெரிக்காவில் லாஸ் ஏஞ்சலஸ் பகுதியில் இந்தக் கம்பெனி தொடங்கப்பட்டது. தொடங்கியவர்கள் ஜான் ஹியூஸ் முதலான ஆறு கூட்டாளிகள். ராபர்ட் ஏபல் என்பவரின் பெயரால் நடந்த கம்ப்யூட்டர் படக் கம்பெனி ஒன்றில் வேலை பார்த்தவர்கள் இவர்கள். அந்தக் கம்பெனியை வேறொரு கம்பெனி வாங்கியது. வாங்கிய கம்பெனி கடன் பளுவால் 1987ல் விழுந்தது, ஏபல் கம்பெனியும் அதோடு சேர்ந்து மூடிப்போயிற்று. ஒரு கடை மூடியபோது அங்கிருந்த கணக்கப்பிள்ளைகளும் சரக்கு மாஸ்டர்களும் சேர்ந்து புதுக்கடை போட்ட கதைதான்.

முதலில் விளம்பரப் படங்கள் செய்தார்கள். வெள்ளைக் கரடிகள் கொக்கோ கோலா குடிக்கும் விளம்பரத்தைப் பலரும் பார்த்திருப்பீர்கள். 1993ல் அதைச் செய்தது இவர்கள்தான். 1977ல் இந்தியாவை விட்டுப் போன கொக்கோ கோலா திரும்ப நம் நாட்டுக்கு வந்ததும் அதே 1993தான்.

பிறகு சினிமா வேலை வந்தது. 1995ல் வந்த 'பேப்' என்ற படத்தில் பன்றிக்குட்டியும் மற்ற மிருகங்களும் வாய் அசைத்துப் பேசின. அதற்கு ஆஸ்கார் கிடைத்தது. 2004ல் 'கார்ஃபீல்ட்' என்ற குண்டுப் பூனை, 2005ல் 'நார்னியா' படத்தின் சிங்கம், 2007ல் 'ஆல்வின்' படத்தின் பாடும் அணில்கள் என்று வரிசையாக வந்தன. 2007ல் வந்த 'தி கோல்டன் கம்பஸ்' படத்துக்கு இரண்டாவது ஆஸ்கார். மிருகம் வேண்டும் என்றால் இவர்களிடம் போ என்று சொல்லும் அளவுக்குப் பெயர் எடுத்தார்கள். 2001ல் மும்பையிலும், பிறகு ஹைதராபாத்திலும் கிளை திறந்தார்கள். மலேசியாவிலும் கனடாவிலும் தைவானிலும் கிளைகள் வந்தன. நம் நாட்டு இளைஞர்கள் நிறையப் பேர் இந்தக் கிளைகளில் தொழில் கற்றுக்கொண்டார்கள்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். நம் பக்கத்தில் முந்திரிக்கொட்டை உடைப்பதில் இரண்டு விதம் உண்டு. சொந்த முதல் போட்டுக் கொட்டை வாங்கி, உடைத்துப் பருப்பாக விற்பவர் ஒரு விதம். பிறர் கொட்டையை மூட்டைக்கு இவ்வளவு என்று பேசிக் கூலிக்கு உடைத்துக் கொடுப்பவர் இன்னொரு விதம். பருப்பு விலை ஏறினால் முதலாமவருக்கு லாபம். கூலிக்காரருக்குக் கூலிதான். ரிதம் அண்ட் ஹ்யூஸ் பெரும்பாலும் செய்தது இரண்டாவது விதம். கரடி கொக்கோ கோலாவுக்குச் சொந்தம், புலி படக் கம்பெனிக்குச் சொந்தம். 60 கோடி டாலர் வசூல் ஆன படத்தில் புலி செய்தவர்களுக்கு வசூலில் பங்கு கிடையாது.

3. ஒரு புலி செய்ய எவ்வளவு வேலை?

சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. ஒரு நிமிடக் காட்சிக்கு 1,440 படங்கள். 'லைஃப் ஆஃப் பை' கண்ணாடி போட்டுப் பார்க்கும் முப்பரிமாணப் படம். அதற்கு இடது கண்ணுக்கு ஒன்று, வலது கண்ணுக்கு ஒன்று. ஆகவே நிமிடத்துக்கு 2,880 படங்கள்.

ஒவ்வொரு படத்திலும் புலியின் எலும்பு, அதன் மேல் சதை, அதன் மேல் தோல், தோலின் மேல் லட்சக்கணக்கான ரோமம், இத்தனையும் சரியாக அசைய வேண்டும். ரோமம் நனைந்தால் ஒரு விதம், வெயிலில் காய்ந்தால் ஒரு விதம். நிஜப் புலிகள் நடப்பதையும் படுப்பதையும் படம் பிடித்து வைத்துக்கொண்டு, அதைப் பார்த்துப் பார்த்துச் செய்தார்கள். மனிதர் செய்து முடித்த பிறகு, ஒவ்வொரு படத்தையும் முழுமையாக வரைந்து முடிக்கக் கம்ப்யூட்டர்கள் மணிக்கணக்கில் ஓட வேண்டும்.

ஆகவே இந்தத் தொழிலில் மூலப்பொருள் என்று பெரிதாக எதுவும் இல்லை. செலவில் பெரும்பகுதி சம்பளம். மூட்டையை அடுக்கி வைத்து அப்புறம் விற்கலாம். இன்றைக்கு வேலை இல்லாமல் உட்கார்ந்திருந்த ஆளின் ஒரு நாளை நாளைக்கு விற்க முடியாது.

4. நொடித்தது எப்படி?

முதல் காரணம், ஒரே விலை பேசுவது. இந்தத் தொழிலில் படக் கம்பெனிகள், இத்தனை காட்சிகளுக்கு இவ்வளவு தொகை என்று முன்கூட்டியே விலை பேசிவிடுகின்றன. நாலைந்து ஸ்டூடியோக்களிடம் கொட்டேஷன் வாங்கி, யார் குறைவோ அவருக்கு வேலை. வேலை தொடங்கிய பிறகு டைரக்டர், புலி இன்னும் கொஞ்சம் இளைத்திருக்கட்டும், அலை இன்னும் உயரமாக இருக்கட்டும் என்பார். திரும்பச் செய்ய வேண்டும். கூடுதல் வேலைக்குக் கூடுதல் பணம் கேட்டால் அடுத்த படத்துக்குக் கூப்பிட மாட்டார்களோ என்ற பயம். செலவு ஏறும், பேசிய விலை ஏறாது.

இரண்டாவது காரணம், காத்திருப்பு. ஜனவரியில் தொடங்குவதாகச் சொன்ன படம் ஏப்ரலுக்குத் தள்ளிப்போகும். சில படங்கள் ரத்தாகும். அந்த மூன்று மாதமும் வேலைக்காரர்களுக்குச் சம்பளம் ஓடும். ஆளை நிறுத்தினால் படித்த கை வேறு இடத்துக்குப் போய்விடும். ஆட்களை நல்லபடியாக நடத்துகிற இடம் என்று பெயர் எடுத்த கம்பெனி அது. முடிந்தவரை ஆட்களை வைத்துக்கொண்டார்கள். தாமதம் செய்தவர் வாடிக்கையாளர், தண்டச் சம்பளம் கொடுத்தவர் இவர்.

மூன்றாவது காரணம், வாங்குபவர் சிலரே. ஹாலிவுட்டில் பெரிய படக் கம்பெனிகள் அப்போது ஆறுதான். வேலை செய்து தரும் ஸ்டூடியோக்களோ உலகம் முழுவதும் இருந்தன. கனடா, இங்கிலாந்து அரசுகள் தங்கள் நாட்டில் வேலை செய்தால் வரிச் சலுகை என்று கொடுத்ததால், அந்த ஊர்க் கம்பெனிகளோடு விலையில் போட்டி போட வேண்டியிருந்தது. வாங்குபவர் ஆறு பேர், விற்பவர் அறுபது பேர் என்றால் சந்தையில் யார் சொல்வது விலை என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. 2019ல் டிஸ்னி கம்பெனி ஃபாக்ஸ் கம்பெனியை வாங்கியதில் அந்த ஆறும் ஐந்தானது.

இது ஒரு கம்பெனியின் கதை மட்டும் அல்ல. 'டைட்டானிக்' படத்துக்கு வேலை செய்து ஆஸ்கார் வாங்கிய 'டிஜிட்டல் டொமைன்' என்ற பெரிய கம்பெனியும் 2012 செப்டம்பரில் திவால் மனு கொடுத்தது. சீனக் கம்பெனி ஒன்றும் நம் நாட்டு ரிலையன்ஸ் குழுமக் கம்பெனி ஒன்றும் சேர்ந்து சுமார் 3 கோடி டாலருக்கு அதை ஏலத்தில் எடுத்தன.

5. மேடையும் வாசலும்

2013 பிப்ரவரி 10ந் தேதி லண்டனில் 'லைஃப் ஆஃப் பை' படத்தின் கம்ப்யூட்டர் வேலைக்கு பாஃப்டா பரிசு. அதை ஒட்டிய நாட்களிலேயே ரிதம் அண்ட் ஹ்யூஸ் கோர்ட்டில் பாதுகாப்புக் கேட்டு மனுக் கொடுத்தது. சுமார் 250 பேருக்கு வேலை போயிற்று. கையில் இருந்த வேலையை முடிப்பதற்காக யுனிவர்சல், ஃபாக்ஸ் ஆகிய இரண்டு வாடிக்கைக் கம்பெனிகளே கடன் கொடுத்தன. சரக்கு வந்து சேர வேண்டுமே என்ற கவலை அவர்களுக்கு.

பிப்ரவரி 24ந் தேதி ஆஸ்கார் விழா. படத்துக்கு நான்கு பரிசுகள், அதில் ஒன்று புலிக்கு. பரிசு வாங்கிய பில் வெஸ்டன்ஹோஃபர் மேடையில் நன்றி சொல்லிவிட்டு, கம்பெனி படும் சிரமத்தைச் சொல்ல ஆரம்பித்ததும், நேரம் ஆகிவிட்டது என்று இசையை ஒலிக்கவிட்டு அவர் பேச்சை நிறுத்திவிட்டார்கள். வெளியே தெருவில் இந்தத் தொழிலைச் சேர்ந்த நூற்றுக்கணக்கானவர்கள் அட்டை பிடித்து நின்றார்கள்.

அடுத்த மாதமே, மும்பையிலும் கிளை வைத்திருந்த 'பிராணா' ஸ்டூடியோவைச் சேர்ந்தவர்கள் கம்பெனியை வாங்கினார்கள். பெயர் தொடர்ந்தது. பழைய நிலை திரும்பவில்லை. 2014ல் 'லைஃப் ஆஃப்டர் பை' என்ற சிறிய செய்திப்படம் இந்த வீழ்ச்சியைப் பற்றி வெளிவந்தது. 26 வருடம் கட்டிக் காத்த கம்பெனி கைமாறிய கதை அது.

6. நானும் செய்த தவறு

பிறரைச் சொல்லும்போது என் கணக்கையும் சொல்வதுதான் முறை. 2015 ஏப்ரலில் ஒரு விடுதிக்கு மளிகை சப்ளை செய்ய ஒரு வருடத்துக்கு ஒரே விலை என்று கொட்டேஷன் கொடுத்தேன். துவரம்பருப்பு எனக்குக் கிலோ 96 ரூபாய் அடக்கம், 105க்கு எழுதினேன். மாதம் 400 கிலோ. பருப்பில் மட்டும் மாதம் 3,600 ரூபாய் நிற்கும் என்று கணக்கு. பெரிய ஆர்டர் கிடைத்துவிட்டது என்று கடையில் எல்லோருக்கும் ஸ்வீட் கொடுத்தேன்.

அந்த வருடம் துவரம்பருப்பு என்ன ஆயிற்று என்பது உங்களுக்கு ஞாபகம் இருக்கும். அக்டோபரில் சில்லரை விலை 200 ரூபாயைத் தொட்டது. நான் 175க்கு வாங்கி 105க்குப் போட்டேன். கிலோவுக்கு 70 ரூபாய் நட்டம், 400 கிலோவுக்கு 28,000 ரூபாய். ஒரு மாத நட்டத்தை ஈடுகட்ட ஏறக்குறைய எட்டு மாத லாபம் வேண்டும். பில் பணமும் இரண்டு மாதம் கழித்துத்தான் வந்தது. இடையில் கமிஷன் மண்டிக்குப் பணம் கட்ட வீட்டு நகையை அடகு வைத்தேன். "ஏங்க, இவ்வளவு பெரிய ஆர்டர்னு சொன்னீங்களே, வந்ததுக்குப் பதிலா வீட்டுல இருந்தது இல்ல போகுது" என்று வீட்டில் ஒரு வார்த்தை சொன்னார்கள். பதில் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.

விலையை ஏற்றித் தரும்படி கேட்டிருக்கலாம். அடுத்த வருட ஆர்டர் போய்விடுமோ என்று கேட்கவில்லை. அடுத்த வருடம் என்னைவிடக் குறைவாக எழுதியவருக்கு ஆர்டர் போயிற்று. 'லைஃப் ஆஃப் பை' கம்பெனியின் கதையைப் படித்தபோது என் பேரேட்டைத்தான் வேறு மொழியில் படிப்பதுபோல் இருந்தது.

7. வேறு வழியில் போனவர்

இதே அனிமேஷன் தொழிலில், அடிபட்ட பிறகு வழியை மாற்றிக்கொண்டவர் வால்ட் டிஸ்னி. 1923ல் அவருடைய முதல் கம்பெனி திவாலாயிற்று. அதே வருடம் அண்ணன் ராய் டிஸ்னியுடன் சேர்ந்து லாஸ் ஏஞ்சலஸில் புதிதாகத் தொடங்கினார். 1927ல் 'ஆஸ்வால்ட்' என்ற முயல் கார்ட்டூன் நன்றாக ஓடியது. 1928 தொடக்கத்தில் கூலியை உயர்த்திக் கேட்கப் போனார். படங்களை எடுத்து விற்றுவந்த சார்லஸ் மின்ட்ஸ், கூலியைக் குறைத்துக்கொள் என்றார். முயலின் உரிமை யுனிவர்சல் கம்பெனியிடம் இருந்தது. டிஸ்னியிடம் இருந்த படம் வரைபவர்களில் பெரும்பாலோரையும் மின்ட்ஸ் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

டிஸ்னி அதன் பிறகு செய்ததுதான் மிக்கி எலி. 1928 நவம்பர் 18ல் பேசும் படமாக வெளிவந்தது. இந்த முறை உரிமையைத் தன் பெயரிலேயே வைத்துக்கொண்டார். படம் ஓடினாலும் லாபம், பொம்மை விற்றாலும் லாபம், பள்ளிக்கூடப் பையில் படம் போட்டாலும் லாபம். கைவிட்டுப் போன அந்த முயல் 78 வருடம் கழித்து 2006ல் திரும்பி வந்தது. டிஸ்னியின் தொலைக்காட்சியில் இருந்த ஒரு விளையாட்டு வர்ணனையாளரை விட்டுக்கொடுத்து, அதற்குப் பதிலாக முயலின் உரிமையை வாங்கினார்கள். பண்டமாற்று வியாபாரம் நமக்கு மட்டும் உரியது அல்ல!

8. நமக்கு உரிய பாடங்கள்

அ) காத்திருக்கும் நாளுக்கும் விலை உண்டு. உங்கள் கடையின் ஒரு நாள் அடக்கம் எவ்வளவு என்று எழுதிப் பாருங்கள். நான்கு ஆள் சம்பளம் 2,400, வாடகை கரண்ட் 800, பத்து லட்சம் கடனுக்கு 12 சதவீத வட்டி நாளொன்றுக்குச் சுமார் 330. ஆக 3,500 ரூபாய்க்கு மேல். விற்பனை நடந்தாலும் நடக்காவிட்டாலும் இது போகும். ஆர்டர் கொடுத்தவர் தேதியைத் தள்ளினால் இதில் ஒரு பங்கு அவருக்கும் உண்டு என்று முதலிலேயே பேசிக்கொள்ள வேண்டும்.

ஆ) பாக்கிக்கு வட்டி போட்டு லாபம் பாருங்கள். 1,90,000 ரூபாய் அடக்கச் சரக்கை 2 லட்சத்துக்குப் போட்டால் 10,000 லாபம் என்கிறோம். பணம் 90 நாளில் வந்தால், 12 சதவீத வட்டியில் 5,600 ரூபாய் போய்விடும். லாபத்தில் பாதிக்கு மேல் இல்லை. நெய்வேலி டவுன்ஷிப் பக்கம் சம்பளத் தேதியை நம்பிக் கடன் கொடுக்கும் கடைக்காரர்களுக்கும் இந்தக் கணக்குப் பொருந்தும்.

இ) நீண்ட கால கொட்டேஷனில் 'விலை ஏறினால்' என்ற வரி இருக்கட்டும். பருப்பு, எண்ணெய், மிளகாய் போன்றவற்றுக்கு மாதம் ஒரு முறை சந்தை விலையை ஒட்டித் திருத்தம் என்று எழுதுங்கள். ஒப்புக்கொள்ளாதவரிடம் மூன்று மாதத்துக்கு மேல் விலை கொடுக்க வேண்டாம்.

ஈ) ஒரே வாடிக்கையாளரை நம்பி ஆளையும் கோடவுனையும் பெருக்காதீர்கள். ஒருவரிடம் மட்டும் நம் விற்பனையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் போனால், கேட்ட நேரத்தில் 'முடியாது' என்று சொல்லும் தைரியம் நமக்குப் போய்விடும்.

உ) சட்டத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் மேம்பாட்டுச் சட்டப்படி, பதிவு செய்த சிறு உற்பத்தியாளருக்கும் சேவை செய்பவருக்கும் அதிகபட்சம் 45 நாளில் பணம் கொடுக்க வேண்டும். தாமதமானால் வட்டி உண்டு. வாங்கி விற்கும் வணிகருக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. ஆகவே சிறிய அப்பளக் கம்பெனிக்கும் மசாலா அரைப்பவருக்கும் நாம் தரவேண்டியதற்குக் கெடு உண்டு. நமக்கு வரவேண்டியதற்கு நாமேதான் எழுதி வாங்கிக் காவல் வைக்க வேண்டும்.

ஊ) சிறிதாவது சொந்தச் சரக்கு வையுங்கள். கடலை மிட்டாயோ, இட்லிப் பொடியோ, தரம் பிரித்த முந்திரியோ, உங்கள் கடைப் பெயரில் ஒன்று இருக்கட்டும். உரிமம் எடுத்து, பெயரைப் பதிவு செய்து விற்றால், அதன் விலையைச் சொல்பவர் நீங்கள்.

9. வீட்டில் கணக்கிட மூன்று கேள்விகள்

உங்கள் கடையின் ஒரு நாள் அடக்கம் எவ்வளவு? சராசரியாக உங்கள் பாக்கி எத்தனை நாளில் வசூலாகிறது? மிகப் பெரிய வாடிக்கையாளர் நாளைக்கு நின்றுவிட்டால் எத்தனை நாள் தாக்குப்பிடிப்பீர்கள்? இந்த மூன்றுக்கும் விடையை ஒரு தாளில் எழுதி அடுத்த சங்கக் கூட்டத்துக்குக் கொண்டுவாருங்கள். பெயர் போட வேண்டாம். சேர்த்து வைத்துப் பேசினால் எல்லோருக்கும் பயன்படும். என் தாளையும் கொண்டுவருகிறேன்.

அந்தப் புலியைச் செய்தவர்கள் கைவேலையில் ஒரு குறையும் வைக்கவில்லை. விலை பேசிய இடத்தில்தான் தோற்றார்கள். நம் பிள்ளைகளுக்குக் கடையை ஒப்படைக்கும்போது தராசு பிடிக்கக் கற்றுக்கொடுப்பதோடு, விலை பேசவும், தேவையானபோது 'கட்டாது' என்று சொல்லவும் சேர்த்துக் கற்றுக்கொடுப்போம்.

வளர்க வணிகம்! வாழ்க வணிகர் ஒற்றுமை!